அளந்தால் அழியும் பொருள்: "ஒளியும் உயிரும்" எழுப்பிய புதிரும் அதன் முடிவும்

அறிவியலைப் பற்றிய சில கூற்றுகள் நம் அருளுரைகளில் அடிக்கடி ஒலிக்கின்றன. "அணுவை உற்றுப் பார்த்தால் அது மாறிவிடுகிறது, ஆகவே எதுவும் உறுதியில்லை என்று அறிவியலே ஒப்புக்கொண்டுவிட்டது" என்பது அவற்றுள் ஒன்று. "உயிரை அறுத்துப் பார்த்தால் உயிர் போய்விடும், ஆகவே உயிரின் மறைபொருளை அறிவியல் ஒருநாளும் எட்டாது, அங்கேதான் இறைவனுக்கு இடம் உண்டு" என்பது மற்றொன்று. முதற்கூற்று ஓர் உண்மையின் திரிபு. இரண்டாம் கூற்றோ, இருபதாம் நூற்றாண்டின் தலைசிறந்த இயற்பியலறிஞர் ஒருவர் 1932ஆம் ஆண்டில் முன்வைத்த ஒரு கருத்துக்கு மிக அருகில் நிற்பது. அக்கருத்து யாது, அது எவ்வாறு சோதனைக்கு உட்பட்டது, அதன் முடிவு என்னவாயிற்று என்பவற்றை விளக்கி, திருப்பணியாளர் அதிலிருந்து கற்க வேண்டியதை எடுத்துக்காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கம். இயற்பியல் பயிலாதவர்களும் தொடர்ந்து வரும் வண்ணம் கணிதத்தைத் தவிர்த்துள்ளோம்.

1. அளத்தலின் விலை

எந்த அளவையும் விலையின்றிக் கிடைப்பதில்லை. ஒரு சிறு குவளையிலுள்ள வெந்நீரின் வெப்பத்தை அறிய வெப்பமானியை அதனுள் வைக்கிறோம். நீரின் வெப்பத்தில் ஒரு சிறு பகுதியை வெப்பமானி எடுத்துக்கொள்கிறது. எனவே நாம் படிக்கும் எண், வெப்பமானியை வைப்பதற்கு முன்பிருந்த நீரின் வெப்பநிலையை விடச் சற்றே குறைவானது. ஒரு தீக்குச்சி நன்றாக எரியுமா என்பதை உறுதியாக அறிய விரும்பினால் அதை உரைத்துப் பார்க்க வேண்டும். உரைத்த பின் எஞ்சுவது கரிக்குச்சியே. சோறு வெந்ததா என்று பார்க்க ஒரு பருக்கையை எடுத்து நசுக்குகிறோம். அந்தப் பருக்கை இனி உண்பதற்கில்லை.

இவ்விடர்களுக்கு இரண்டு பரிகாரங்களை மனிதர் நெடுங்காலமாக அறிந்திருந்தனர். ஒன்று, கருவியை மென்மையாக்குதல். வெப்பமானி சிறியதாகும் அளவுக்கு அது எடுத்துக்கொள்ளும் வெப்பமும் குறையும். மற்றொன்று, ஒன்றை இழந்து பலவற்றை அறிதல். "ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம்" என்னும் பழமொழி கூறுவது இதனையே. நசுக்கிய பருக்கையைப் பற்றி அதற்குமேல் நமக்குக் கவலையில்லை. நாம் அறிய விரும்பியது பானையின் நிலையை. இவ்விரண்டாம் பரிகாரத்தை வாசகர் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறோம். இக்கட்டுரையின் திருப்பம் அதில்தான் உள்ளது.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இயற்பியல் முதற் பரிகாரத்தையே முழுவதுமாக நம்பியது. கருவியை எவ்வளவு வேண்டுமானாலும் நுட்பமாக்கலாம்; அதனால் விளையும் குலைவை விரும்பிய அளவுக்குக் குறைக்கலாம்; ஆகவே காண்பவன் காணப்படும் பொருளைத் தொடாமலேயே அதைக் காண்பதாகக் கொள்ளலாம் என்பது அதன் எண்ணம்.

2. ஹைசன்பர்க்கின் நுண்ணோக்கி

இந்த நம்பிக்கையைத் தகர்க்கும் வித்து 1900ஆம் ஆண்டில் மாக்ஸ் பிளாங்க் என்னும் ஜெர்மானிய அறிஞரால் ஊன்றப்பட்டது. பொருளும் ஒளியும் ஆற்றலைக் கொடுத்து வாங்குவது நீரோட்டம்போல் தொடர்ச்சியாக நிகழ்வதன்று. சில்லறைக் காசுகள்போல் தனித்தனிக் கூறுகளாகவே நிகழ்கிறது. அக்கூறின் அளவைத் தீர்மானிக்கும் எண் மிகமிகச் சிறியது. நாம் வழங்கும் அளவுமுறையில் அதைத் தசமத்தில் எழுதப் புகுந்தால், புள்ளிக்குப் பின் 33 சுழிகளை இட்ட பின்னரே முதல் இலக்கம் தோன்றும். ஆயினும் அது சுழி அன்று. கருவியை மென்மையாக்குவதற்கு ஓர் எல்லை உண்டு என்பது இதன் பொருள். ஒரு கூறைவிடக் குறைந்த ஒளியைக் கொண்டு எதையும் காண இயலாது.

1927ஆம் ஆண்டில், தம் 25ஆம் வயதில், வெர்னர் ஹைசன்பர்க் இவ்வெல்லையின் விளைவை ஒரு கற்பனைச் சோதனையால் விளக்கினார். ஓர் எலெக்ட்ரான் எங்கே இருக்கிறது என்பதைக் காண ஒரு நுண்ணோக்கி வேண்டும். சிறிய பொருளைக் கூர்மையாகக் காண்பதற்கு அலைநீளம் குறைந்த ஒளி தேவை. ஆகவே காமாக் கதிர்களைப் பயன்படுத்துவதாகக் கொள்வோம். ஆனால் அலைநீளம் குறையக் குறைய ஒளிக்கூறு ஒவ்வொன்றின் உந்தமும் கூடுகிறது. அத்தகைய கூறு ஒன்று எலெக்ட்ரான்மீது பட்டுத் திரும்பினால் எலெக்ட்ரானைத் தள்ளிவிடும். இடத்தைக் கண்டுகொண்டோம், அது சென்றுகொண்டிருந்த உந்தத்தை இழந்தோம். மென்மையான ஒளியைப் பயன்படுத்தினால் தள்ளல் குறையும். ஆனால் இடம் மங்கிவிடும். அத்தகைய நுண்ணோக்கியை ஹைசன்பர்க் கட்டவில்லை. கட்டுமாறு எவரையும் கேட்கவுமில்லை. அது சிந்தனையில் மட்டுமே நிகழ்ந்த ஆய்வு.

அவருடைய ஆசானாக விளங்கிய டென்மார்க்கு அறிஞர் நீல்ஸ் போர் இவ்விளக்கத்தில் ஒரு குறையைச் சுட்டினார். வெறும் தள்ளல் மட்டும் இடராகாது. எவ்வளவு தள்ளப்பட்டது என்று கணக்கிட முடியுமானால் அதைக் கழித்துக்கொள்ளலாம் அன்றோ? கணக்கிட இயலாமைக்குக் காரணம், தெளிவான உருவம் பெறுவதற்கு நுண்ணோக்கியின் வாய் அகன்றிருக்க வேண்டும் என்பதே. அகன்ற வாயின் எப்பகுதி வழியாக ஒளிக்கூறு நுழைந்தது என்பதை அறிய வழியில்லை. இடத்தைக் காட்டும் அமைப்பு எதுவோ அதுவே உந்தத்தை மறைக்கும் அமைப்பாகவும் இருக்கிறது. ஹைசன்பர்க் இத்திருத்தத்தைத் தம் கட்டுரையின் இறுதியில் சேர்த்துக்கொண்டார். அதே ஆண்டு செப்டம்பரில் இத்தாலியின் கோமோ நகரில் ஆற்றிய உரையில் நீல்ஸ் போர் இதைப் பொதுக்கொள்கையாக விரித்துரைத்தார். ஒன்றையொன்று விலக்கும் இரு அமைப்புகளில் கிடைக்கும் இருவகை அறிவும் சேர்ந்தே ஒரு பொருளின் முழு விளக்கமாகும் என்னும் அக்கொள்கையை இணைநிறைவுக் கொள்கை எனலாம்.

இங்கு இரண்டு எச்சரிக்கைகள் தேவை. முதலாவதாக, இக்கொள்கை "எதுவும் உறுதியில்லை" என்று கூறவில்லை. எவ்வளவு துல்லியம் கூடும், எவ்வளவு கூடாது என்பதை அது எண்ணால் வரையறுத்துக் கூறுகிறது. அந்த வரையறையின்மேல் எழுந்த இயற்பியல், மனிதர் அறிந்த துறைகளுள் மிகத் துல்லியமானவற்றுள் ஒன்று. உந்தி எறிந்த ஒரு பந்தின் போக்கில் இந்த நிச்சயமின்மை எவ்வகையிலும் புலப்படாது. அறநெறிக்கும் ஐயுறவுக்கும் இதை ஆதாரமாக்குவது முறையன்று.

இரண்டாவதாக, "தொட்டால் கெடும்" என்பது இதன் முழு விளக்கமன்று. நிச்சயமின்மை என்பது அளப்பவனின் கைப்பட்டதால் மட்டும் விளைவது அன்று. பொருளின் நிலைக்கே உரியது என்பதே இயற்பியலாரின் இன்றைய பொதுக்கொள்கை. ஒளிக்கூறையே எடுத்துக்கொள்வோம். நம் கண்ணும் புகைப்படத் தகடும் ஒளிக்கூறை உறிஞ்சியே அதை அறிகின்றன. கண்டதும் அது இல்லாமற் போகிறது. எனினும் பாரிஸ் நகரில் செர்ஜ் அரோஷ் என்பவரின் குழுவினர், ஒன்றையொன்று நோக்கிய இரு கண்ணாடிகளுக்கிடையே நுண்ணலை ஒளிக்கூறு ஒன்றை நொடியில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்கு நேரம் சிறைப்படுத்தி, அதனூடே அணுக்களை ஒவ்வொன்றாகச் செலுத்தி, ஒளிக்கூறை அழிக்காமலேயே அது இருப்பதை மீண்டும் மீண்டும் கண்டனர். இவ்வாய்வு 2007இல் வெளியாயிற்று. 2012இல் டேவிட் வைன்லாண்டுடன் அரோஷ் நோபெல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். விலை இங்கும் கொடுக்கப்பட்டது: ஒளிக்கூறுகளின் எண்ணிக்கை தெளிவாகும்போது அலையின் கட்டம் பற்றிய அறிவு மறைந்தது. எனினும் காணப்பட்ட பொருள் அழியவில்லை. காண்பதெல்லாம் அழிப்பதே எனப் பொதுவிதி கூறுதல் பொருந்தாது என்பது இதனால் விளங்கும்.

3. "ஒளியும் உயிரும்"

நாம் எடுத்துக்கொண்ட புதிர் இனித்தான் பிறக்கிறது. 1932ஆம் ஆண்டு ஆகஸ்டு 15ஆம் நாள், ஒளியால் நோய் தீர்க்கும் மருத்துவர்களின் பன்னாட்டு மாநாடு கோபன்ஹேகனில் கூடியது. அதன் தொடக்க உரையை ஆற்றுமாறு நீல்ஸ் போரை அழைத்திருந்தனர். "ஒளியும் உயிரும்" என்பது அவர் தேர்ந்த தலைப்பு. மறு ஆண்டு அவ்வுரை "நேச்சர்" இதழில் அச்சாயிற்று.

அவருடைய வாதத்தின் சாரம் இது. ஒரு விலங்கின் உயிர்ச்செயல்களில் ஒவ்வோர் அணுவுக்கும் உள்ள பங்கை முழுமையாக அறிய வேண்டுமானால், அதன் உறுப்புகளை மிக நுணுக்கமாக ஆராய வேண்டும். அத்தகைய ஆய்வு அந்த விலங்கைக் கொன்றுவிடும் என்பதில் ஐயமில்லை. உயிரோடு விட்டால் அணுக்களைப் பற்றிய முழு அறிவு கிட்டாது. அணுக்களை முழுமையாக அறியப் புகுந்தால் உயிர் எஞ்சாது. ஒருவேளை, அணுவியலில் ஆற்றற்கூறை வேறெதனாலும் விளக்க இயலாத அடிப்படை உண்மையாக ஏற்றுக்கொள்வதுபோல, உயிரியலில் உயிரையே அடிப்படை உண்மையாக ஏற்றுக்கொள்ள வேண்டியிருக்கலாம்.

நீல்ஸ் போர் மாய உயிராற்றல் எதையும் இதனால் நிலைநாட்ட முயலவில்லை. இயற்பியல் விதிகள் உயிருள்ளவற்றில் பொய்த்துப்போகும் என்றும் அவர் கூறவில்லை. நம் அறிவின் அமைப்பிலேயே ஒரு சுவர் இருக்கலாம் என்று மட்டுமே கூறினார். ஆயினும் இக்கருத்தின் கவர்ச்சியை நாம் எளிதில் உணரலாம். உயிரின் வாயிலில் இயற்கையே காவல் நிற்கிறது. பிரித்துப் பார்க்க வருவோனின் கையில் பிணத்தை மட்டுமே அது கொடுக்கிறது. சமயவாதிக்கு இதனினும் இனிய செய்தி வேறு யாது?

4. சுவரைத் தேடிச் சென்றவர்

அன்றைய அவையில் மாக்ஸ் டெல்புரூக் என்னும் இளம் ஜெர்மானிய இயற்பியலறிஞர் ஒருவர் இருந்தார். அவ்வுரை அவருடைய வாழ்வின் திசையை மாற்றியது. உயிரியலில் இத்தகைய சுவர் உண்மையில் இருக்குமானால் அதைத் தேடிச் சென்று முட்டிப் பார்க்க வேண்டும் என்று அவர் துணிந்தார். இயற்பியலில் புதுவழி பிறந்தது முரண்பாடுகளை அவற்றின் எல்லைவரை துரத்தியதால்தான். உயிரியலிலும் அவ்வாறே நிகழும் என்பது அவருடைய எதிர்பார்ப்பு.

1935இல் பெர்லினில், திமோஃபேயெஃப்-ரெசோவ்ஸ்கி, சிம்மர் ஆகியோருடன் இணைந்து, மரபுக்கூறு என்பது ஒரு நிலையான மூலக்கூறாகவே இருக்க வேண்டும் என்று காட்டும் கட்டுரையை அவர் வெளியிட்டார். 1944இல் வெளிவந்த ஷ்ரோடிங்கரின் "உயிர் என்பது யாது?" என்னும் நூல் பெரிதும் சார்ந்திருந்தது இக்கட்டுரையையே. 1937இல் டெல்புரூக் அமெரிக்கா சென்றார். ஆங்கு அவர் தேர்ந்துகொண்ட உயிரி, பாக்டீரியாவைத் தாக்கும் நச்சுயிரி. அதை ஃபேஜ் என்பர். அணுவியலுக்கு ஹைட்ரஜன் அணு எப்படியோ அப்படியே உயிரியலுக்கு இது மிக எளிய பொருளாக அமையும் என அவர் நம்பினார். ஒரு ஃபேஜ் பாக்டீரியாவுக்குள் புகுகிறது. ஏறத்தாழ அரைமணி நேரத்தில் பாக்டீரியா வெடிக்கிறது. பல பத்து ஃபேஜ்கள் வெளிவருகின்றன. 1939இல் எமரி எல்லிஸ் என்பவருடன் அவர் இதை அளந்து வெளியிட்டார். இடையில் உள்ளே நடப்பது என்ன?

அதை அறிய ஒரே வழி பாக்டீரியாவை உடைத்துப் பார்ப்பது. உடைத்தால் அந்நிகழ்ச்சி அங்கேயே நின்றுவிடும். உடைத்துப் பார்த்தபோது வியப்பான ஒன்று தெரிந்தது. ஃபேஜ் புகுந்த முதற் சில நிமிடங்களுக்குள் உடைத்தால், உள்ளே தொற்றும் ஆற்றலுள்ள ஃபேஜ் ஒன்றுகூட இல்லை. புகுந்ததும் காணப்படவில்லை, புதியதும் தோன்றவில்லை. இதனை மறைவுக் காலம் என்றனர். தேடிய புதிர் கையில் அகப்பட்டுவிட்டதோ என்று எவரும் எண்ணக்கூடிய நிலை இது: உற்று நோக்கும் வேளையில் பொருள் மறைந்துவிடுகிறது.

ஆனால் விடை மிக எளியதாக இருந்தது. 1952இல் ஆல்ஃபிரட் ஹெர்ஷே, மார்த்தா சேஸ் ஆகிய இருவரும் கதிரியக்கப் பாஸ்பரசாலும் கந்தகத்தாலும் ஃபேஜின் பகுதிகளுக்கு அடையாளமிட்டு ஆராய்ந்தனர். ஃபேஜின் புரத உறை பெரும்பாலும் வெளியே நின்றுவிடுகிறது, டி.என்.ஏ. என்னும் பொருள் உள்ளே செல்கிறது. ஃபேஜ் மறைந்துவிடவில்லை, உறையைக் களைந்து செய்தியாக உள்ளே நுழைந்திருந்தது. மறு ஆண்டு, 1953இல், டெல்புரூக்கின் உடன்பணியாளரான லூரியாவின் மாணவர் ஜேம்ஸ் வாட்சனும் ஃபிரான்சிஸ் கிரிக்கும் டி.என்.ஏ.வின் இரட்டைச்சுருள் அமைப்பைக் கண்டனர். அவ்வாண்டு மார்ச்சில் வாட்சன் டெல்புரூக்குக்கு எழுதிய கடிதத்திலேயே அவ்வமைப்பு விவரிக்கப்பட்டிருந்தது. ஓர் இழை மற்றோர் இழைக்கு அச்சாகிறது. உயிர் தன்னைப் பெருக்கிக்கொள்வதன் மையமான மறைபொருள், வேதியியல் மாணவன் தகட்டாலும் கம்பியாலும் செய்து காட்டக்கூடிய ஒரு பொருத்தமாக முடிந்தது. எந்தச் சுவரும் அங்கே இல்லை.

டெல்புரூக் 1969இல் ஹெர்ஷே, லூரியா ஆகியோருடன் நோபெல் பரிசு பெற்றார்; தேடியது கிடைக்காமற் போனதன் வழியே அவர் கண்டவற்றுக்காக அப்பரிசு என்று கூறலாம். 1962 ஜூனில் கொலோன் நகரின் மரபியல் நிலையத் திறப்புவிழாவில் நீல்ஸ் போர் தம் பழைய தலைப்புக்கே திரும்பி, 30 ஆண்டுகளுக்கு முன் கூறியவற்றைப் புதிய கண்டுபிடிப்புகளின் ஒளியில் மறு ஆய்வு செய்தார். அவ்வாண்டு நவம்பரில் அவர் மறைந்தார். அவ்வுரை முற்றுப்பெறாத கைப்படியாகவே எஞ்சியது.

1932ஆம் ஆண்டு வாதம் எங்கே வழுவியது? "இந்த விலங்கை" முழுமையாக ஆராய்ந்தால் இது இறக்கும் என்பது இன்றும் உண்மை. ஆனால் அறிவியல் அறிய விரும்பியது இந்த ஒன்றை அன்று, இவ்வினத்தை. ஒரே தன்மையுள்ள கோடிக்கணக்கான பாக்டீரியாக்களை வளர்த்து, முதல் நிமிடத்தில் சிலவற்றை, இரண்டாம் நிமிடத்தில் சிலவற்றை என உடைத்துக்கொண்டே சென்றால், உயிர்ச்செயலின் முழு வரலாற்றையும் கோத்துவிடலாம். ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம். சுவர் என்று கருதப்பட்டதைச் சமையலறைப் பழமொழியே தாண்டிவிட்டது. அதற்கான விலையைக் கொடுத்தது அந்த ஒரு பருக்கை.

5. இடைவெளியில் எழுப்பிய ஆலயம்

இவ்வரலாற்றுக்கும் நம் இறையியலுக்கும் இடையே வலிந்து கட்டாத ஓர் உறவு உண்டு. மாக்ஸ் டெல்புரூக்கின் குடும்பமும் டீட்ரிக் போன்ஹோஃபரின் குடும்பமும் பெர்லினில் நெருங்கிப் பழகியவை. போன்ஹோஃபரின் மூத்த சகோதரர் கார்ல் ஃபிரீட்ரிக் ஒரு வேதியியலறிஞர்; டெல்புரூக்கை அறிவியலுக்கு ஈர்த்த மூத்த நண்பர். மற்றொரு சகோதரரான கிளவுஸின் மனைவி எம்மி, டெல்புரூக்கின் தமக்கை.

1943 ஏப்ரலில் சிறைப்பட்ட டீட்ரிக் போன்ஹோஃபர், 1944 மே மாதம் தேகல் சிறையில், ஹைசன்பர்க்கின் மாணவரான வைட்செக்கர் இயற்பியலின் உலகநோக்கைப் பற்றி எழுதிய நூலைப் படித்துக்கொண்டிருந்தார். மே 29ஆம் நாள் நண்பர் பெத்கேவுக்கு எழுதிய கடிதத்தில் அதனால் எழுந்த சிந்தனையைப் பதிவு செய்தார். நம் அறிவு நிறைவுறாத இடைவெளிகளை அடைக்கும் பொருளாக இறைவனைப் பயன்படுத்தலாகாது. அறிவின் எல்லை விரிய விரிய அத்தகைய இறைவன் பின்வாங்கிக்கொண்டே இருக்க நேரும். நாம் அறியாதவற்றில் அன்று, அறிந்தவற்றிலேயே இறைவனைக் காண வேண்டும் என்பது அவர் கருத்து. 1945 ஏப்ரல் 9ஆம் நாள் அவர் ஃபிளாசன்பர்க்கில் தூக்கிலிடப்பட்டார். அம்மாதமே 23ஆம் நாள் கிளவுஸும் பெர்லினில் கொல்லப்பட்டார்.

அக்கடிதத்துக்கு ஒன்பது ஆண்டுகளுக்குப் பின்னரே இரட்டைச்சுருள் வெளிப்பட்டது. 1932இன் சுவர்மேல் எவரேனும் தம் சமயச் சான்றை எழுப்பியிருந்தால் 1953இல் அது சரிந்திருக்கும். அருளுரையில் "அறிவியலால் இது முடியாது" என்று கூறும் ஒவ்வொரு முறையும், நம் மேடைமுன் அமர்ந்து கேட்கும் மாணவனின் நம்பிக்கையை நாளைய ஆய்வுக்கூடத்திடம் பணயமாக வைக்கிறோம். அவன் கல்லூரிக்குச் சென்று உண்மையை அறியும் நாளில் அவன் இழப்பது ஒரு தவறான எடுத்துக்காட்டை மட்டுமா, அதனோடு பிணைத்துக் கொடுத்த நற்செய்தியையுமா என்பதை நாம் எண்ண வேண்டும்.

6. இயற்கை எழுப்பாத சுவர்

ஆயினும் நம் பாடம் இத்துடன் முடியவில்லை. உயிரின் வாயிலில் இயற்கை காவல் நிற்கவில்லையெனின், அங்கே நிற்பவர் யார்? ஒரு பருக்கையை நசுக்கிப் பானையை அறியலாம் என்னும் முறை, பருக்கைகள் ஒன்றுக்கொன்று ஈடானவை என்னும் எண்ணத்தின்மேல் நிற்கிறது. அம்முறை மனிதர்மேல் திரும்பினால் என்ன ஆகும் என்பதை வரலாறு காட்டியிருக்கிறது.

1942ஆம், 1943ஆம் ஆண்டுகளில் தாகாவ் வதைமுகாமில் மருத்துவர்கள் கைதிகளைக் காற்றழுத்தம் குறைந்த அறைகளில் அடைத்தும், உறைகுளிர் நீரில் அமிழ்த்தியும், உடல் எவ்வளவு நேரம் தாங்கும் என்று அளந்தனர். அளக்கப்பட்டோரில் பலர் இறந்தனர். இயற்கையின் விதி எதுவும் அம்மருத்துவர்களைத் தடுக்கவில்லை. அவர்களுடைய வெப்பமானிகள் எண்களைக் காட்டின. 1946 டிசம்பரில் தொடங்கிய நியூரம்பர்க் வழக்கில் 23 பேர் குற்றஞ்சாட்டப்பட்டனர். 16 பேர் குற்றவாளிகளெனத் தீர்க்கப்பட்டனர். 1947 ஆகஸ்டில் அத்தீர்ப்போடு வெளிவந்த நெறிமுறையின் முதல் விதி, ஆய்வுக்கு உட்படும் மனிதரின் தன்னார்ந்த ஒப்புதல் இன்றியமையாதது என்பதாகும்.

மற்றொரு நிகழ்ச்சி இதற்கு நேர்மாறானது. தொடங்கியதோ "ஒளியும் உயிரும்" ஒலித்த அதே 1932இல். அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில், டஸ்கீகீ நகரைச் சூழ்ந்த பகுதியில், அந்நாட்டுப் பொதுச் சுகாதாரப் பணித்துறை கிரந்தி நோயின் இயல்பான போக்கைக் காண விரும்பியது. நோயுற்ற 399 கறுப்பின ஆண்களும், ஒப்பீட்டுக்காக நோயற்ற 201 பேரும் தேர்ந்தெடுக்கப்பட்டனர். அவர்களுக்கு நோயின் பெயர் கூறப்படவில்லை. கெட்ட இரத்தம் என்று மட்டும் கூறப்பட்டது. 1940களில் பென்சிலின் உறுதியான மருந்தாகிவிட்ட பின்னரும் அது அவர்களுக்குத் தரப்படவில்லை. மருந்து கொடுத்தால் காணப்படும் பொருள் கெட்டுவிடும் அன்றோ? இறந்த பின் உடலை அறுத்துப் பார்க்க இசைந்தால் அடக்கச் செலவு தரப்பட்டது. 40 ஆண்டுகள் கழித்து, 1972இல், செய்தித்தாள்கள் வெளிப்படுத்திய பின்னரே இது நின்றது. 1997இல் அந்நாட்டுக் குடியரசுத் தலைவர் மன்னிப்புக் கோரினார்.

தாகாவில் அளப்பவன் கைபட்டு மனிதர் அழிந்தனர். டஸ்கீகீயில் கைபடாமல் பார்த்துக்கொண்டே இருந்தமையால் அழிந்தனர். இரண்டிலும் அழித்தது அளத்தல் என்னும் செயலன்று. அளக்கப்படுபவன் ஒரு பானையின் பருக்கை என்னும் எண்ணமே. நீல்ஸ் போர் இயற்கையில் இருக்கலாம் எனக் கருதிய சுவர் அங்கே இல்லை. ஆதலால் அச்சுவரைக் கட்டளையால் எழுப்பும் பொறுப்பு மனிதர்மேல் விழுகிறது. "உயிரை அறிய முடியாது" என்பது பொய்த்தது. "அறிவதற்காக இவனை அழிக்கலாகாது" என்பது என்றும் கட்டளையாகவே நிற்கும். கட்டளை என்பது மீறக்கூடியது; அதனால்தான் அதை ஒருவர் எடுத்துரைத்துக்கொண்டே இருக்க வேண்டியுள்ளது. திருச்சபையின் பணி இங்கே தொடங்குகிறது.

7. திருப்பணியில் இதன் இடம்

எண்ணுதலைப் பற்றித் திருமறையில் இரு பகுதிகள் உண்டு. 2 சாமுவேல் 24ஆம் அதிகாரத்தில் தாவீது மக்களை எண்ணுவிக்கிறான். கொள்ளைநோய் வந்து எண்ணப்பட்டோரில் எழுபதாயிரம் பேர் மடிகின்றனர். யாத்திராகமம் 30ஆம் அதிகாரத்திலோ, மக்கள் எண்ணப்படும்போது வாதை நேரிடாதபடி ஒவ்வொருவனும் தன் உயிருக்கு மீட்பாக அரைச் சேக்கல் கொடுக்க வேண்டும். செல்வன் கூடுதலாகவும் ஏழை குறைவாகவும் கொடுக்கலாகாது. இப்பகுதிகளில் ஹைசன்பர்க்கைத் தேடுவது பேதைமை. ஆயினும் ஒன்று தெளிவு. எண்ணுவது தடைசெய்யப்படவில்லை, எண்ணாகமம் என்றே ஒரு நூல் இருக்கிறது. எண்ணப்படுபவன் அரசனின் உடைமை அல்லன், அவனுடைய உயிர் ஆண்டவருக்குரியது என்னும் அடையாளம் எண்ணிக்கையோடு இணைந்திருக்க வேண்டும் என்பதே அரைச் சேக்கலின் பொருள் எனக் கொள்ளலாம். அவ்வடையாளமின்றி எண்ணப்படும் மக்கள் படைவலிமையின் அளவாக மட்டுமே ஆகிவிடுகின்றனர்.

இது நம் அன்றாடப் பணிக்கு அயலானதன்று. இறையியல் மாணவர்கள் வினாத்தாள்களுடன் குடிசைப் பகுதிகளுக்கும் சிற்றூர்களுக்கும் செல்கின்றனர். வருமானம் எவ்வளவு, கடன் எவ்வளவு, குடிப்பவர் உண்டா என்று கேட்டு எழுதிக்கொள்கின்றனர். அறிவதற்கு இது தேவை. அறியாமல் செய்யும் தொண்டு பெரும்பாலும் வீண். ஆனால் தன் துயரை ஓர் அந்நியரிடம் கூறிய அந்த அம்மையாரிடம் நாம் மீண்டும் சென்றோமா? அவர் கூறியவற்றால் எழுதப்பட்ட அறிக்கையின் பயன் அவர் தெருவுக்குத் திரும்பிற்றா? எதற்காகக் கேட்கிறோம் என்பதை அவர் அறிந்து இசைந்தாரா? சபையின் ஆண்டறிக்கையில் நாம் எழுதும் குடும்பங்களின் தொகைக்கும் இக்கேள்விகள் பொருந்தும். மருத்துவமனையில் நோயாளியைச் சந்தித்து வந்து வகுப்பில் அவரை ஓர் எடுத்துக்காட்டாக எடுத்துரைக்கும்போதும் பொருந்தும். இங்கெல்லாம் இயற்பியலின் பெயரைச் சொல்லத் தேவையில்லை. "பார்ப்பது பொருளை மாற்றும்" என்னும் கோட்பாட்டைப் பணியாளர் சாக்காகக் கொண்டு மக்களை அறியாமலே இருந்துவிடலும் ஆகாது. டஸ்கீகீ நமக்குக் காட்டுவது, தொடாமல் நின்று பார்ப்பவனும் குற்றத்துக்கு நீங்கியவன் அல்லன் என்பதை.

ஆகவே அருளுரை ஆயத்தம் செய்வோர்க்கு மூன்றைக் கூறி முடிக்கிறோம். நிச்சயமின்மைக் கொள்கையை அதற்குரிய இடமாகிய அணுவியலில் விட்டுவிடுக. மக்களின் ஐயங்களுக்கு மருந்தாகவோ, நம்பிக்கைக்குச் சான்றாகவோ அதைப் பயன்படுத்த வேண்டா. அறிவியல் இன்று விளக்க இயலாத ஒன்றைச் சுட்டி அங்கே இறைவனை நிறுத்த வேண்டா. டெல்புரூக் அறிந்து தேடியும் காணாத சுவரை நாம் அறியாமல் கட்டலாகாது. மூன்றாவதாக, உயிரின் இயல்பை அறிவியல் மேன்மேலும் விளக்கும் காலத்தில், அவ்வறிவின் விலையை யார் கொடுக்கிறார் என்று கேட்கும் பணி நம்முடையது. கோடிப் பாக்டீரியாக்களில் ஒன்றுக்கு ஈடாக மற்றொன்று உண்டு. டஸ்கீகீயின் 399 பேரில் ஒருவருக்கேனும் ஈடாக வேறொருவர் இல்லை.